தந்தையின் வாளும் மகனின் கோயிலும்

(நன்னிலத்தில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



தம் தந்தையாரின் பெயரால் ஒரு சிறு நிதியை ஒதுக்கி வைத்து, ஆண்டுக்கொரு முறை அறிஞர் அவையைக் கூட்டி, ஏதேனும் ஒரு பொருளைப் பற்றி ஒருவரைப் பேசச் செய்வது என்பது, மக்கள் பெற்றோருக்குச் செய்யும் கடன்களுள் மிக நாகரிகமான ஒன்றாகும். அத்தகைய மேடையில் நிற்கும் எனக்கு, தந்தைக்கும் மகனுக்கும் இடையே உள்ள உறவைப் பற்றிப் பேசுவதைக் காட்டிலும் பொருத்தமான காரியம் வேறொன்று இருப்பதாகத் தோன்றவில்லை. ஆனால் அவ்வுறவின் இனிமையை மட்டும் எடுத்துப் பாராட்டிவிட்டு அமர்ந்துவிட நான் வரவில்லை. வீடுதோறும் உள்ளதாயினும் எவரும் வாய்விட்டுப் பேசத் தயங்குகிற ஒரு பகுதியை, அதாவது மகன் தந்தையோடு போட்டியிடுகிறான் என்பதையும், தந்தை அதை உள்ளூர உணர்கிறார் என்பதையும், அந்தப் போட்டியினால் ஒரு குலத்தின் கலையும் புகழும் சில இடங்களில் அழிந்தும் சில இடங்களில் தழைத்தும் வந்திருக்கின்றன என்பதையும் உங்கள் முன் வைக்க விரும்புகிறேன்.

தம்மைக் காட்டிலும் தம் மக்கள் அறிவுடையவராதல் உலகத்து உயிர்களுக்கெல்லாம் இனியது என்ற கருத்தை வள்ளுவர் நமக்கு வழங்கிச் சென்றிருக்கிறார். உலகத்துக்கு இனியதுதான்; ஐயமில்லை. ஆனால் அந்த மகன் தன்னைக் கடந்து செல்லும் அந்த நாளில், தந்தையின் நெஞ்சில் பெருமிதத்தோடு கூடவே வேறொரு மெல்லிய வேதனையும் எழுகிறது. கடந்து சென்ற மகனின் நெஞ்சிலும் வெற்றியோடு கூடவே ஒரு குற்ற உணர்ச்சி குடிபுகுகிறது. இந்த இரண்டு உணர்ச்சிகளையும் நெறிப்படுத்தத் தெரிந்த குடும்பங்களே பரம்பரை என்ற பெயருக்குத் தகுதியுடையனவாக நிலைத்தன என்பதுதான் இன்று நான் சொல்லவந்த செய்தி.

ஜப்பானில் இரண்டு வீடுகள்

முதலில் நமக்கு நெடுந்தொலைவில் உள்ள ஒரு நாட்டுக்குச் செல்வோம். பதினாறாம் நூற்றாண்டின் இறுதியிலும் பதினேழாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் ஜப்பானில் நீண்ட உள்நாட்டுப் போர்கள் ஓய்ந்து டோக்குகவா குடும்பத்தாரின் ஆட்சி நிலைபெற்றது. அதுகாறும் போர்க்களத்தில் உயிரைக் காக்கும் கருவியாக இருந்த வாள், அமைதி வந்த பிறகு ஒரு வித்தையாகவும், ஒழுக்கமாகவும், தந்தையிடமிருந்து மகன் பெறும் குலதனமாகவும் மாறிற்று. ஒரே வாள் இரண்டு கைகளில் இருக்க முடியாதாகையால், தந்தை மகன் போட்டியின் இயல்பை அறிவதற்கு அந்நாட்டு வாள்வித்தைப் பள்ளிகளைக் காட்டிலும் தெளிவான இடம் வேறு கிடைப்பது அரிது.

அந்நாட்டு வாள்வீரர்களுள் உலகம் முழுவதும் பெயர் பரவியவர் மியமோத்தோ முசாஷி. அவருடைய தந்தை ஷின்மென் முனிசாய் என்பவர். வளர்ப்புத் தந்தை என்று கூறுவாரும் உளர். முனிசாய் தாமே பெரிய வீரர். வாளிலும், ஜித்தே எனப்படும் கொக்கி வைத்த இரும்புக் கோலிலும் வல்லவர். கியோத்தோ நகரில் புகழ்பெற்றிருந்த யோஷியோக்கா குடும்பத்தைச் சேர்ந்த ஒருவரை அரசின் தலைவர் முன்னிலையில் வென்றவர் என்று பிற்காலக் கல்வெட்டொன்று சொல்கிறது. இந்தத் தந்தையையும் மகனையும் பற்றிப் பதினெட்டாம் நூற்றாண்டு நூலொன்றில் ஒரு கதை வருகிறது. சிறுவனாக இருந்த முசாஷி, தந்தையின் ஜித்தேப் பயிற்சியை அருகிலிருந்து பார்த்துப் பார்த்து அதில் குறை சொல்லலானான். ஒருநாள் முனிசாய் பல்குத்தும் குச்சிகளைச் சீவிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மகனின் ஏளனம் காதில் விழவே, கையிலிருந்த சிறுகத்தியை அவன்மேல் வீசினார். சிறுவன் முகத்தைத் திருப்ப, கத்தி பின்னே இருந்த தூணில் தைத்தது. சினம் மிகுந்து இடையிலிருந்த குறுவாளை எறிந்தார். அதற்கும் மகன் விலகிக்கொண்டான். அன்றே அவனை வீட்டைவிட்டு விரட்டிவிட்டார் என்பது கதை.

இது நடந்ததோ, பின்வந்தோர் புனைந்ததோ, முசாஷியின் வாழ்வு முழுவதையும் இக்கதை விளக்குவதுபோல் அமைந்திருக்கிறது. பதின்மூன்று வயதில் முதல் போரை வென்றதாக அவரே எழுதுகிறார். இளமையில் கியோத்தோவுக்குச் சென்று, தந்தை எதிர்த்த அதே யோஷியோக்கா குடும்பத்தாரை எதிர்த்து வென்றார். தந்தை ஒருவரை வென்ற இடத்தில் மகன் அக்குடும்பத்தின் பள்ளியையே நிலைகுலையச் செய்தார். 1645இல் உயிர் பிரிவதற்குச் சில நாட்களுக்கு முன் முடித்த ஐந்து பகுதிகள் கொண்ட நூலின் முகப்பில், ஷின்மென் என்னும் தந்தையின் குடும்பப் பெயராலேயே தம்மை அறிமுகம் செய்துகொள்கிறார். ஆனால் எந்தத் துறையிலும் தமக்கு ஆசிரியர் எவரும் இல்லை என்று அடுத்துச் சொல்லிவிடுகிறார். பெயரை ஏற்றுக்கொண்டு கல்வியை மறுத்த மகனின் உள்ளத்தில் எத்தகைய காயம் ஆறாமல் இருந்திருக்கும் என்பதைச் சொல்லவேண்டியதில்லை. அவருக்கு வயிற்றிற் பிறந்த மகன் இருந்ததாகத் தெரியவில்லை. தத்தெடுத்த மகனான இயோரி, ஒரு சிற்றரசரிடம் உயர்ந்த பதவி வகித்து, 1654இல் கொக்குரா என்னுமிடத்தில் தந்தைக்கு ஒரு நினைவுக்கல் எழுப்பினார். முசாஷியின் வெற்றிகளை நாம் அறிவதற்கு வழிசெய்த சான்றுகளுள் முதன்மையானது அக்கல்லே. முனிசாய் விரட்டினார், முசாஷி மறுத்தார், வாளால் புகழ்பெறாத தத்துப்பிள்ளை நினைவுகூர்ந்தார்.

இதற்கு நேர்மாறான ஒரு வீடும் அதே காலத்தில் இருந்தது. யாக்யூ முனேயோஷி என்பவர் தம் ஆசிரியரிடம் கற்ற வாள்வித்தையை வளர்த்து, ஆயுதமின்றியே எதிரியின் வாளைப் பறிக்கும் முறையில் தேர்ந்த முதியவர். 1594இல் டோக்குகவா குடும்பத்தின் தலைவர் இயெயாசு இவரை அழைத்து, தாமே மரவாளை ஓங்கி இவரைத் தாக்கிச் சோதித்தார். முதியவர் வெறுங்கையால் அவ்வாளைப் பறித்துவிட்டார். வியந்த இயெயாசு தமக்கு ஆசிரியராக இருக்குமாறு வேண்டினார். வாழ்நாள் முழுவதும் காத்திருந்த பெருமை கைக்கெட்டிய அந்தக் கணத்தில், முனேயோஷி தமக்கு வயதாகிவிட்டது என்று கூறி, உடனிருந்த மகன் முனேனோரியை முன்னே நிறுத்தினார். தந்தையர் உலகில் இதனினும் கடினமான செயல் ஒன்று உண்டா என்று எண்ணிப் பார்க்கவேண்டும். இயெயாசுவின் மகனுக்கும் பேரனுக்கும் வாளாசிரியராக இருந்த முனேனோரி, 1632இல் தம் குடும்பத்து வித்தையை நூலாக எழுதினார். இறுதியில் ஆண்டுக்குப் பத்தாயிரம் கோக்கு அரிசி விளையும் நிலத்துக்கு உரிய பிரபுவாகவும் உயர்ந்தார். ஒரு மனிதனின் தகுதியை அவனுக்குரிய நிலத்து நெல் விளைவால் அளந்த அந்நாட்டு வழக்கம், காவிரிப் படுகையில் பிறந்த நமக்கு அந்நியமானதன்று.

ஆனால் இந்த வீட்டிலும் போட்டி இல்லாமற் போகவில்லை. முனேயோஷி தம் வித்தையின் நுட்பமான ஏடுகளை முனேனோரிக்கு மட்டுமன்றி, மூத்த மகன் வழிப் பேரனான தோஷியோஷிக்கும் வழங்கினார். அவர் 1615இல் ஓவாரி நாட்டுக்குச் சென்று அங்கே தனிக் கிளையை நிறுவினார். எந்தக் கிளை மூலமானது என்ற வழக்கு எழுந்ததாயினும், ஓவாரிக் கிளையின் வித்தை இன்றும் கற்பிக்கப்பட்டு வருகிறது. முனேனோரியின் மகன் மித்ஸுயோஷி, இளமையில் அரசின் தலைவரின் சமூகத்திலிருந்து விலக்கப்பட்டுப் பல ஆண்டுகள் ஊரில் தங்கிப் பாட்டனும் தந்தையும் கற்பித்தவற்றையெல்லாம் ஆராய்ந்து எழுதினார். அதைக் கண்ட தந்தை, அவ்வளவையும் எரித்துவிடச் சொன்னார் என்றும், பின்னர் தக்குவான் என்ற துறவியின் இடையீட்டால் மகனின் உழைப்பு ஏற்கப்பட்டது என்றும் அக்குடும்பத்து மரபு சொல்கிறது. மித்ஸுயோஷியின் நூல் 1642இல் உருவாயிற்று. அதில் அவர் பாட்டனின் சொல் இன்னது, தந்தையின் சொல் இன்னது என்று பிரித்துக் காட்டி, அவற்றைப் பக்கத்துப் பக்கம் வைத்து ஒப்பிட்டிருக்கிறார். எரித்துவிடு என்ற தந்தையின் சொல்லையும் காப்பாற்றித் தந்த மகனே அவர் என்று சொன்னால் மிகையாகாது.

சோழநாட்டுத் தந்தையும் மகனும்

இவ்விரண்டு வீடுகளின் கதையை மனத்தில் வைத்துக்கொண்டு நம் நாட்டுக்குத் திரும்புவோம். நாம் கூடியிருக்கும் இந்த நன்னிலம், வாளேந்திய சோழ மன்னர்கள் கோயிலெடுப்பதையும் தம் கடமையாகக் கொண்டனர் என்பதற்கு ஆதிச்சான்றாக விளங்கும் ஊர். கோச்செங்கட் சோழன் எடுத்த மாடக்கோயில்களுள் ஒன்றாகச் சுந்தரமூர்த்தி நாயனாரால் பாடப்பெற்ற நன்னிலத்துப் பெருங்கோயில் நம் கண்முன்னே நிற்கிறது. அந்தக் குலத்திலே பிற்காலத்தில் தோன்றிய தந்தையும் மகனுமாகிய முதலாம் இராஜராஜனையும் முதலாம் இராஜேந்திரனையும் பற்றியே இனி நான் பேச விரும்புகிறேன்.

985இல் அரியணை ஏறிய இராஜராஜன், தான் பெற்ற நாட்டைப் பன்மடங்கு பெருக்கியவன். அவன் மகன் இராஜேந்திரன் அரசனான பிறகே முதன்முதலாக வாளேந்தியவன் அல்லன். அரசனின் படைத்தலைவனாக இருந்தே வாளேந்தியவன். மேலைச் சாளுக்கியரை எதிர்த்துச் சென்ற பெரும்படையை அவன் நடத்தினான் என்பதற்கு, 1007ஆம் ஆண்டைச் சேர்ந்ததாகக் கன்னட நாட்டு ஹொட்டூரில் கிடைத்த பகைவரின் கல்வெட்டே சாட்சி. தாக்கப்பட்டவன் எழுதிய எழுத்தாகையால் அதில் சோழர் செய்த கொடுமைகளும் விரிவாக வருகின்றன. ஆயினும் அந்தக் கோபத்தின் நடுவே, இன்னான் மகன் இன்னான் வந்தான் என்று தந்தையின் பெயரோடு சேர்த்தே இளவரசனைக் குறிப்பிடுகிறார்கள். எதிரியின் கண்ணுக்கும் அப்போது அவன் தந்தையின் கையாகவே தெரிந்தான்.

கையாகவே இருந்துவிடுவது ஆற்றலுள்ள மகனுக்கு எளிதன்று. உலக வரலாற்றில் இந்த இடத்தில்தான் பல அரச குடும்பங்கள் உடைந்திருக்கின்றன. தந்தை ஜஹாங்கீரை எதிர்த்துக் கலகம் செய்த ஷாஜஹான், பிறகு 1658இல் தன் மகன் ஔரங்கசீப்பினால் ஆக்ராக் கோட்டையில் சிறைவைக்கப்பட்டான். தனக்கென இடம் ஒன்று இல்லாத மகன், தந்தையின் இடத்தைப் பறிப்பதைத் தவிர வேறு வழி காண்பதில்லை. இராஜராஜன் இந்த உண்மையை அறிந்தவன்போல் நடந்துகொண்டான். 1012இல், தான் உயிரோடும் வலியோடும் இருக்கும்போதே, மகனுக்கு இளவரசுப் பட்டம் கட்டி ஆட்சியில் பங்கு தந்தான். இராஜேந்திரனின் ஆட்சியாண்டுகள் அந்த ஆண்டிலிருந்தே கணக்கிடப்படுகின்றன. 1014இல் இராஜராஜன் மறைந்தபோது நாட்டில் எந்தக் குழப்பமும் நேரவில்லை. இராஜேந்திரனும் தந்தை காட்டிய வழியையே பின்பற்றி, 1018இல் தன் மகன் இராஜாதிராஜனுக்கு இளவரசுப் பட்டம் கட்டி, இருபத்தாறு ஆண்டுகள் அவனோடு அதிகாரத்தைப் பகிர்ந்துகொண்டான். அவ்விராஜாதிராஜன் 1054இல் கொப்பத்துப் போரில் யானைமேல் இருந்தபடியே வீழ்ந்தபோது, அவன் தம்பி அந்தக் களத்திலேயே முடிசூடிப் போரை வெற்றியாக மாற்றினான். முனேயோஷி முதியவர் ஒரே ஒரு கணத்தில் செய்த தியாகத்தைச் சோழர்கள் ஓர் ஆட்சி முறையாகவே ஆக்கிவைத்திருந்தார்கள்.

பட்டம் பெற்ற மகன் செய்த முதற்பெருஞ் செயல்களுள் ஒன்று நம் மண்ணில் இன்றும் பெயராக நின்று நிலவுகிறது. பத்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முதலாம் பராந்தகனிடம் தோற்ற பாண்டியன், தன் குலத்து மணிமுடியையும் ஆரத்தையும் ஈழத்து மன்னனிடம் அடைக்கலமாக வைத்துவிட்டான். அவற்றைக் கேட்டும் போரிட்டும் பராந்தகன் பெறவில்லை. இராஜராஜன் வட ஈழத்தை வென்றான். ஆயினும் அந்த முடி கிடைக்கவில்லை. இராஜேந்திரன் 1017ஐ ஒட்டிய ஈழப்போரில் ஐந்தாம் மகிந்தனைச் சிறைபிடித்து, அவனிடமிருந்த முடிகளோடு பாண்டியன் முடியையும் கைக்கொண்டான். முடிகொண்டான் என்பது அவன் விருதுப்பெயர்களுள் ஒன்று. அப்பெயரையே தாங்கி ஓடும் ஆறு நம் வட்டாரத்து வயல்களுக்கு நீர் தருகிறது. அப்பெயர் பூண்ட ஊரும் நம்மருகில் இருக்கிறது. தந்தைக்கும் முப்பாட்டனுக்கும் கைகூடாததைத் தான் கைக்கொண்டபோது இராஜேந்திரன் எவ்வளவு மகிழ்ந்திருப்பான் என்பதை நாம் ஊகிக்கலாம். முசாஷி யோஷியோக்காக்களை வென்றதற்கும் இதற்கும் வேற்றுமை ஒன்றே: அங்கே மகன் தந்தையின் பகைவனை வென்று தந்தையை மறுத்தான், இங்கே மகன் குலத்தின் கடனைத் தீர்த்துக் குலத்தையே முன்னிறுத்தினான்.

கல்லில் வடித்த விடை

தந்தையைக் கடப்பது எப்படி என்ற கேள்விக்குப் போர்களைக் காட்டிலும் ஆழமான விடையை இராஜேந்திரன் கல்லில் வைத்துச் சென்றிருக்கிறான். தந்தை எடுத்த தஞ்சைப் பெருவுடையார் கோயிலைக் கீழிருந்து காண்பவர் பலர். கருவறையைச் சூழ்ந்த மேல்தளத்து இருட்சுற்றுக்குச் சென்று காண்பவர் மிகச் சிலர். அச்சுற்றின் சுவரில், பரத சாஸ்திரம் கூறும் நூற்றெட்டுக் கரணங்களைச் சிவபெருமானே ஆடிக்காட்டுவதாக வரிசையாக வடித்திருக்கிறார்கள். ஒவ்வோர் உருவத்திலும் காலின் வளைவும் இடையின் திருப்பமும் கையின் வீச்சும் வேறு வேறு. ஒரு கரணத்தைப் பார்த்துவிட்டு அடுத்ததற்கு நகர்ந்தால், கல் நம்மோடு சேர்ந்து அசைவதுபோலவே தோன்றும். இந்த வரிசை 81 கரணங்களோடு திடீரென்று நின்றுவிடுகிறது. அதற்கப்பால் இருபத்தேழு கரணங்களுக்கு உரிய கற்கள், அளவாகச் செதுக்கிப் பொருத்தி வைக்கப்பட்டு, உருவம் ஏதுமின்றி அப்படியே நிற்கின்றன. இராஜராஜன் தன் இருபத்தைந்தாம் ஆட்சியாண்டின் 275ஆம் நாளில் விமானத்துக்குச் செப்புக்குடம் வழங்கினான் என்று கல்வெட்டு கூறும் அத்துணைத் திட்டமிட்ட கோயிலில், இந்த இருபத்தேழு வெற்றுக் கற்கள் காண்போர் மனத்தைத் தைக்காமல் விடுவதில்லை.

இராஜேந்திரன் விரும்பியிருந்தால் ஒரே ஆண்டில் அவற்றை முடித்திருக்கலாம். கங்கை வரை படையனுப்பியவனுக்கு இருபத்தேழு உருவங்களுக்குச் சிற்பிகளா கிடைக்கமாட்டார்கள்? அவன் அதைச் செய்யவில்லை. கங்கை நீரைக் கொணர்ந்த பிறகு தலைநகரையே மாற்றி, கங்கைகொண்ட சோழபுரம் என்ற புதுநகரைக் கண்டு, அங்கே தனக்கென ஒரு பெருங்கோயில் எடுத்தான். சோழகங்கம் என்ற பேரேரியை வெட்டினான். திருவாலங்காட்டுச் செப்பேடுகள் அவ்வேரியை நீரால் அமைந்த ஜயஸ்தம்பம் என்றே புகழ்கின்றன. தஞ்சை விமானம் ஏறக்குறைய 216 அடி உயரம், பதின்மூன்று நிலைகள், நேர்க்கோடாக வானத்தை நோக்கி ஏறும். கங்கைகொண்ட சோழபுரத்து விமானம் ஏறத்தாழ 180 அடி, ஒன்பது நிலைகள், அதன் பக்கங்கள் உள்வாங்கி வளைந்து ஏறும். மகன் தந்தையைவிடத் தாழ்வாகக் கட்டியது மரியாதையினால் என்று நம் மக்கள் காலங்காலமாகச் சொல்லி வருகிறார்கள். அந்த மரியாதை உண்மையே. ஆனால் எனக்குப் படுவது இன்னும் ஒரு படி மேலானது: உயரத்தில் தந்தையோடு போட்டியிடுவதை மகன் கைவிட்டுவிட்டு, கோட்டின் அழகில் போட்டியிட்டான். தந்தை நேராக நிமிர்ந்த இடத்தில் மகன் நளினமாக வளைந்தான். இருவரும் ஒரே சிவனுக்கு, ஒரே ஆகமத்துக்கு, ஒரே கல்லுக்கு அடங்கினார்கள். ஆனால் ஒருவர் கோயிலை மற்றவர் கோயிலின் பிரதி என்று எவரும் சொல்ல முடியாது.

இந்த விடையை இராஜேந்திரன் தெரிந்தே கொடுத்தான் என்று எண்ணுவதற்குச் சான்றாக அக்கோயிலின் வடபுறத்துப் படியருகே ஒரு சிற்பம் இருக்கிறது. சிவபெருமான் உமையோடு வீற்றிருக்கிறார். அவர் காலடியில் சண்டேசர் கைகூப்பித் தலைகுனிந்து அமர்ந்திருக்க, பெருமான் தம் இரு கைகளாலும் ஒரு பூமாலையை எடுத்து அவர் தலையைச் சுற்றிச் சூட்டுகிறார். மாலையின் ஒவ்வொரு பூவும் தனித்தனியே தெரியும்படி சிற்பி செதுக்கியிருக்கிறான். பெருமானின் விரல்கள் மாலையை இறுக்காமல் ஏந்தியிருக்கும் நயம் காண்போரை உருக்கும். இந்தச் சண்டேசர் யார் என்பதைப் பெரியபுராணம் கற்ற நீங்கள் அறிவீர்கள். சேய்ஞலூரில் பிறந்த விசாரசருமர் ஆநிரை மேய்த்து, மணலால் இலிங்கம் அமைத்துப் பாலாட்டி வழிபட்டார். அதைக் காணப் பொறாத தந்தை எச்சதத்தன் கோலால் அடித்தும் பூசைப் பாலைக் காலால் உதைத்தும் இடையூறு செய்தான். மகன் அருகிலிருந்த கோலை எடுக்க, அது மழுவாகி, தந்தையின் கால்களை வெட்டியது. பெருமான் தோன்றி, இனி உனக்கு நாமே தந்தை என்று அருளி, தம் சடையிலிருந்த கொன்றை மாலையை அவருக்குச் சூட்டினார்.

தந்தையும் மகனும் ஆயுதத்தால் எதிர்ப்பட்ட கதைகளுள் இதற்கு நிகரான கொடுமையும் இதற்கு நிகரான அருளும் வேறெங்கும் இல்லை. தன் நாட்டைக் கங்கை நீரால் புனிதமாக்கிய மன்னன், தன் கோயிலில் இந்தச் சிற்பத்தை இத்தனை அழகோடு வைத்ததன் கருத்து என்ன? சண்டேசரின் தலையில் விழுந்த மாலை, தந்தையைப் பகைத்ததற்குக் கிடைத்த பரிசன்று. தந்தையினும் பெரிய ஒரு பொருளுக்குத் தன்னை ஒப்படைத்ததற்குக் கிடைத்த பரிசு. மகன் தந்தையைக் கடப்பது தன் அகங்காரத்துக்காக என்றால் அது பாதகம். தந்தையும் வணங்கவேண்டிய ஒன்றுக்காக என்றால் அது தொண்டு. இராஜேந்திரன் தன் வாளையும் கோயிலையும் அந்த இரண்டாம் வகையிலேயே வைத்தான் என்று இச்சிற்பம் எனக்குச் சொல்கிறது.

இந்த விடையை இராஜராஜனின் பேரனும் ஏற்றுக்கொண்டான். இராஜேந்திரனின் மகனாகிய இரண்டாம் இராஜேந்திரன் ஆட்சியில், தஞ்சைக் கோயிலின் வைகாசித் திருவிழாவில் இராஜராஜேச்சுவர நாடகம் ஆண்டுதோறும் நடிக்கப்பட வேண்டுமென்று ஆணையாகி, அதை நடிப்பவருக்கு ஆண்டுக்கு 120 கலம் நெல் நிவந்தமாக அளிக்கப்பட்டது. பாட்டனின் பெருமை பேரன் காலத்திலும் மேடையில் ஆடப்பட்டது. தலைநகர் மாறியதால் தந்தையின் ஊர் மறக்கப்படவில்லை.

திருப்பாம்புரத்து வீடு

அரசர் கதைகளைக் கேட்டபின், சாமானியர் வாழ்வில் இது எப்படி நடக்கும் என்று உங்களுள் சிலர் கேட்கலாம். அதற்கு நம் பக்கத்திலேயே விடையிருக்கிறது. பேரளத்துக்கு அருகேயுள்ள திருப்பாம்புரத்தில் நாகஸ்வரக் கலையில் தேர்ந்த நடராஜசுந்தரம் பிள்ளையும் சிவசுப்பிரமணிய பிள்ளையும் இணையாக வாசித்துப் புகழ்பெற்றார்கள். முத்துசுவாமி தீட்சிதரின் கிருதிகளைச் சாத்தனூர் பஞ்சநத ஐயரிடம் பாடம் செய்து, அப்பாடாந்தரத்தை வழுவாமல் காத்தவர்கள் அவர்கள். நடராஜசுந்தரம் பிள்ளை 1936இல் தீட்சிதர் கிருதிகளை ஸ்வரப்படுத்தி நூலாகவே வெளியிட்டார். அவர் மகன் சுவாமிநாத பிள்ளை, தந்தையின் நாகஸ்வரத்தை எடுக்காமல் புல்லாங்குழலை எடுத்தார். கோயில் வீதியில் ஊர் முழுதும் ஒலிக்கும் பெருங்கருவியை விட்டு, நெஞ்சுக்கருகே பேசும் சிறு மூங்கிலைத் தேர்ந்த அந்த மகன், தந்தையின் பாடத்தில் ஒரு சங்கதியையும் சிதையவிடவில்லை. 1953இல் சென்னை மியூசிக் அகாடமியின் சங்கீத கலாநிதி விருது அவருக்குக் கிட்டியது. அவர் மாணவராகிய டி. விசுவநாதன் அமெரிக்கப் பல்கலைக்கழகத்தில் கற்பித்து, திருப்பாம்புரத்துப் பாடாந்தரத்தைக் கடல் கடந்த மாணாக்கருக்கும் வழங்கினார். நாகஸ்வரத்தையே அவர் எடுத்திருந்தால், வாழ்நாள் முழுவதும் அப்பாவின் மகனாகவே அளக்கப்பட்டிருப்பார். இசையையே துறந்திருந்தால் அப்பாவின் உழைப்பு அவரோடு நின்றிருக்கும். கருவியை மாற்றிப் பாடத்தைக் காத்த அந்த வழியில் இருவரும் வென்றார்கள்.

தந்தையர் கடனும் மைந்தர் கடனும்

இதுவரை கண்ட வீடுகளிலிருந்து நான் தேர்ந்தெடுத்துக் கூற விரும்பும் முடிபு இது. மகன் தந்தையோடு போட்டியிடுவது இயல்பு. அதை அடக்க முயன்ற வீடுகளில் கலை ஒரு தலைமுறையோடு மாண்டது. அதற்கு இடம் தந்த வீடுகளில் கலை பல்கிற்று. நாற்றங்காலில் எவ்வளவு செழித்த நாற்றாயினும், உரிய நாளில் பறித்து வேறு வயலில் நடாவிட்டால் அங்கேயே முற்றிப் பாழாகும் என்பது இந்த அவையில் உள்ள எல்லோரும் அறிந்த உண்மை. பரம்பரைக்கும் அதே விதி.

தந்தையருக்கு உரிய கடன், தாம் வலிமையோடு இருக்கும்போதே இடம் கொடுப்பது. கை தளர்ந்த பிறகு கொடுப்பது கொடை ஆகாது, அது இயலாமை. முனேயோஷி ஒரு கணத்தில் கொடுத்ததும் இராஜராஜன் 1012இல் கொடுத்ததும் கைவலிமை குன்றாதபோது கொடுத்தவை. ஆகவேதான் பெற்றவர்களின் மனத்தில் பகை முளைக்கவில்லை. முனிசாய் கொடுக்க மறுத்தார், கத்தியை எறிந்தார், மகன் பெரிய வீரனாகவே ஆனான், ஆனால் அந்த வீட்டில் தந்தையின் ஜித்தே தழைத்ததாக நாம் கேட்கவில்லை. மகனிடம் காணும் குறையைச் சொல்லும் உரிமை தந்தைக்கு உண்டு. மகன் எழுதியதை எரித்துவிடச் சொல்லும் உரிமை எவருக்கும் இல்லை.

மைந்தருக்கு உரிய கடன் அதைவிடக் கடினமானது. போட்டியிடும்போது தந்தை எந்தப் பொருளுக்கு அடங்கினாரோ அதற்குத் தாமும் அடங்கவேண்டும். தந்தையின் மேல்நோக்கிய அளவுகோலை விட்டுத் தமக்குரிய வேறு கோட்டைக் கண்டுகொள்ளவேண்டும். தந்தை முடிக்காமல் விட்ட கற்களை அவர் பெயரால் அப்படியே மதித்து வைத்துவிட்டு, தம் கோயிலைத் தாமே தொடங்கவேண்டும். இவற்றுக்கெல்லாம் மேலாக, தம்மை உருவாக்கியவர் இவர் என்பதைச் சொல்ல வெட்கப்படக்கூடாது. எனக்கு ஆசிரியர் எவருமில்லை என்று உரைத்த முசாஷியின் மேதைமையை நான் வணங்குகிறேன். ஆயினும் அந்த ஒரு வாக்கியத்தை நம் பிள்ளைகள் பின்பற்றவேண்டாம் என்று வேண்டிக்கொள்கிறேன். பாட்டனின் சொல்லையும் தந்தையின் சொல்லையும் அருகருகே வைத்துத் தம் கருத்தை அவற்றோடு சேர்த்துச் சொன்ன மித்ஸுயோஷியின் வழியே பரம்பரைக்கு உகந்த வழி.

இன்று நம் நெல்வயல்களைப் பார்த்துக்கொண்ட தந்தையரின் பிள்ளைகள் வேறு ஊர்களிலும் வேறு தொழில்களிலும் இருக்கிறார்கள். அவர்கள் மண்ணைத் துறந்துவிட்டார்கள் என்று பெரியவர்கள் வருந்துவதையும், தங்களைப் புரிந்துகொள்ளவில்லை என்று இளையவர்கள் வருந்துவதையும் இந்த வட்டாரத்தில் நான் தொடர்ந்து கேட்டு வருகிறேன். இரு தரப்பாருக்கும் ஒன்றைச் சொல்லுவேன்: சிறந்த குலங்களில் கருவி மாறியிருக்கிறது, நகர் மாறியிருக்கிறது, உயரம் மாறியிருக்கிறது; ஆனால் உழைப்பின் நேர்மையும் வேலையின் மீதான பக்தியும் மாறவில்லை. தந்தையர் பிள்ளைகளிடம் தங்கள் தொழிலைத் தேடுவதை விடுத்து, தங்கள் ஒழுங்கைத் தேடுவார்களாக. அந்த ஒழுங்கு அங்கே இருக்குமாயின், பரம்பரை முறியவில்லை. அது வேறொரு வயலில் நடவாகியிருக்கிறது என்று அவர்கள் மனநிறைவு கொள்ளலாம். பிள்ளைகளும் அந்த ஒழுங்கு எவரிடமிருந்து வந்தது என்பதை உரக்கச் சொல்லட்டும். இவ்வறக்கட்டளையை நிறுவிய மக்கள் செய்திருப்பதும் அதுவேயாகையால், அவர்களை மனமாரப் பாராட்டுகிறேன்.